இருபது எண்ணுவதற்குள்

அக்கா இறந்து நாலு மாதம் கழித்து, ஒரு மழைநாள் மதியம், சிரிப்பு நடிகை அந்தப் பழைய அரங்கத்துக்குள் நுழைந்தாள். ஈரத் திரைச்சீலை வாடை, பவுடர் வாடை, எல்லாம் அப்படியே இருந்தன. கூடவே வரும் அக்காதான் இல்லை.

ஒருத்திக்கு ஆறு வேஷம். மாமியார், போலீஸ்காரர், குடிகாரன் என்று போய், கடைசியில் சிவப்பு கவுனில் காபரே ஆட்டம். இருபத்தைந்து வருடமாக உடை மாற்றிவிட்டவள் அக்கா. விளக்கணைந்த மேடையோரத்தில், இருபது எண்ணுவதற்குள் முதுகுக் கொக்கிகள் அத்தனையும் மாட்டியாகிவிடும்.

இப்போது வீட்டில் பேச்சுத்துணைக்கும் ஆளில்லை. சுவருக்குக் காது உண்டு என்பார்கள். சிரிக்க வாய் இல்லையே.

"இன்னிக்கு ஒரு ஆட்டம் பார்ப்போம்," என்றார் மேனேஜர், அவள் முகத்தைப் பார்க்காமல். "உடை மாத்துறதுல தடுமாறினா வேற ஆளைப் போட்டுடுவேன். தப்பா எடுத்துக்காதீங்க."

"தப்பா எடுத்துக்கிட்டா சம்பளம் ஏறுமா?"

அவர் சிரிக்கவில்லை.

அக்காவின் இடத்துக்குப் புதிதாக ஒரு தையல்காரம்மா வந்திருந்தாள். கவுனை மேடையோர ஆணியில் தொங்கவிட்டு, அவளைப் பக்கத்தில் நிறுத்திவிட்டு நடிகை மேடையேறினாள்.

குடிகாரன் தள்ளாடி விழுந்தான். அரங்கம் குலுங்கிச் சிரித்தது. விளக்கணைந்தது.

ஆணியில் தொங்கிய கவுனைத் தடவி எடுத்து மாட்டிக்கொண்டு, முதுகைக் காட்டி நின்றாள்.

ஒன்று. இரண்டு.

யாரும் தொடவில்லை.

ஏழு. எட்டு. பிழைப்பு போயிற்று.

ஒன்பதில், இடுப்பருகே விரல்கள் பட்டன.

சில்லிட்ட விரல்கள். கீழிருந்து மேலாக, பதற்றமில்லாமல் ஏறின.

"சீக்கிரம்," என்று கிசுகிசுத்தாள்.

பிடரியில் மூச்சுக்காற்று படவில்லை.

இருபதில் மேடையில் இருந்தாள். கைதட்டல் அடங்க வெகுநேரமாயிற்று. மேனேஜரே எழுந்து நின்றார்.

ஒப்பனை அறையில் தையல்காரம்மா கண்கலங்கி நின்றாள். "மன்னிச்சிடுங்க மேடம். உங்க குடிகாரனைப் பார்த்துச் சிரிச்சுக்கிட்டே நின்னுட்டேன். விளக்கு அணைஞ்சதும் எனக்குக் கண்ணே தெரியல. நான் உங்க பக்கத்துலயே வரல."

வெளிச்சத்தைப் பார்த்தால் இருட்டில் கை ஓடாது என்று, அக்கா எப்போதும் கண்ணை இறுக மூடியே காத்திருப்பாள். தங்கையின் ஆட்டத்தை அவள் ஒருநாளும் பார்த்ததில்லை. புதியவளிடம் அதைச் சொல்ல நடிகை மறந்துவிட்டிருந்தாள்.

"அப்ப யாரு மாட்டினது?"

தையல்காரம்மா அவள் முதுகுப்பக்கம் போனாள். கவுனைத் தடவிப் பார்த்தாள்.

"கொக்கி ஒண்ணுகூட மாட்டல மேடம். தைச்சிருக்கு."

கீழிருந்து கழுத்துவரை, நெருக்கமான பொடித் தையல். கழுத்தில் முடியாத நூல், தரையில் இறங்கி, கதவிடுக்கு வழியாக இருட்டான மேடையோரத்துக்குள் போயிருந்தது.

தையல்காரம்மா கத்தரிக்கோலை எடுத்தாள்.

நடிகை அவள் கையைப் பிடித்துக்கொண்டாள். "வெட்டாதீங்க."

நூல் மெல்ல விறைத்தது. பிறகு இழுத்தது.