உறுமிப்பாறை திருப்பித் தந்த காலை

"மெழுகை நல்லா திணிச்சுக்கடே! ஒரு பொட்டுச் சத்தம் உள்ள போச்சோ, வந்த காரியமே மறந்துரும்!"

துடுப்பு வலித்தபடியே பெர்க்மான்ஸ் கத்தினார். சங்கு குளித்துக் குளித்து இரண்டு செவிப்பறையும் கிழிந்துபோன மனிதர். தன் குரல் எவ்வளவு பெரிது என்று அவருக்கே தெரியாது. எதிரே உட்கார்ந்திருப்பவரின் உதட்டைப் பார்த்துத்தான் பேச்சைப் பிடிப்பார். இப்போது எதிரே இருந்தவன் தொபியாஸ். தேன்மெழுகை உருட்டிக்கொண்டிருந்தான். அவனுக்குப் பக்கத்தில் கறுப்புச் சேலையில் அவன் தங்கை இமெல்டா.

மூவரும் தேடிப் புறப்பட்டது முத்தையோ சங்கையோ அல்ல. எட்டு மாதத்துக்கு முன் கடலுக்குள் போய்த் திரும்பாத ரெமிஜியுஸை. இமெல்டாவின் கணவனை!

பைத்தியக்காரத்தனம் என்பீர்கள். உறுமிப்பாறையைத் தெரியாதவர்கள் அப்படித்தான் சொல்வார்கள். அந்தப் பாறையில் ஒரு குடைவு உண்டு. காற்று அதற்குள் புகுந்து புறப்படும்போது எப்போதும் மெல்ல உறுமும். அதனால் யாருக்கும் ஒன்றும் ஆகாது. ஆனால் ஏதாவது ஒரு கல் உருண்டு குடைவின் வாயை அடைத்துவிட்டால், சத்தமெல்லாம் உள்ளேயே தேங்கும். பிறகு என்றைக்குக் கல் விலகுகிறதோ அன்றைக்கு அத்தனையும் ஒரே அலையாகக் கிளம்பும். அதைக் கேட்ட ஆள், கடல், ஊர் எல்லாமே, வாய் அடைபட்ட அந்த நேரத்துக்குத் திரும்பிவிடும். நடுவில் நடந்தது யாருக்கும் நினைவிருக்காது, காது கேளாதவரைத் தவிர.

"இந்த ஊரு ஒரு மழைக்காலத்த ரெண்டு தடவ அனுபவிச்சிருக்கு. சொன்னா, செவிடன் உளறுதான்னு சொல்லுதானுவ" என்பார் பெர்க்மான்ஸ்.

ரெமிஜியுஸ் மூழ்கிய காலையில், அவன் குதிப்பதற்குச் சற்று முன்புதான் ஒரு பெரிய கல் உருண்டு குடைவை அடைத்தது. அன்றும் துடுப்பு வலித்த பெர்க்மான்ஸ் அதைக் கண்ணால் பார்த்திருந்தார். அந்தக் கல்லைப் பெயர்க்கத்தான் இந்தப் பயணம்.

சங்கு குளிப்பவன் இடுப்புக் கயிற்றை அவன் மனைவியின் உடன்பிறந்தவன்தான் பிடிக்க வேண்டும். தங்கையின் தாலி அந்தக் கையில் இருக்கிறது என்ற நினைப்பில் கண்ணயர மாட்டான் என்று கணக்கு. தொபியாஸ் கண்ணயரவில்லை. அதைவிடக் கேவலமான ஒன்றைச் செய்தான். அன்று விடியற்காலையில் எல்லார் முன்னாலும் ரெமிஜியுஸ், "எங்க மச்சானுக்குத் தண்ணின்னா நடுக்கம். கயறு புடிக்க மட்டுந்தான் லாயக்கு" என்று சிரித்திருந்தான். இழுக்கச் சொல்லிக் கீழேயிருந்து கயிறு அசைந்தபோது தொபியாஸ், "கொஞ்சம் தவிக்கட்டும்" என்று பத்து வரை எண்ணினான். பிறகு இழுத்தான். நுனி அறுந்த வெறும் கயிறுதான் வந்தது. பாறை அறுத்துவிட்டது என்று மட்டும் ஊருக்குச் சொன்னான்.

"நீ காத அடைக்கலியா?" என்று தங்கையைக் கேட்டான்.

"இந்த எட்டு மாசத்த ஞாபகம் வச்சு நான் என்ன செய்யண்ணே? நீ போய் அவுகளக் கூட்டிட்டு வா. உன்ன மாதிரி அண்ணன் யாருக்கு வாய்க்கும்?"

தொபியாஸ் மெழுகை இரண்டு காதிலும் திணித்துக்கொண்டான்.

உச்சி வெயிலில் கடல் வற்றியது. வள்ளத்தைப் பாறையோரம் நங்கூரமிட்டார்கள். தொபியாஸ் கடப்பாரையோடு தாவினான். பாசி வழுக்கியது, சிப்பி உள்ளங்காலைக் கிழித்தது. கடப்பாரையைக் கல்லுக்கடியில் செருகி நெம்பினான். கல் அசைந்தது! இன்னொரு நெம்பு! அந்நேரம் பார்த்து ஒரு பேரலை அவன் தலையில் அறைந்தது. இடது காது மெழுகு நழுவித் தண்ணீரோடு போய்விட்டது.

ஐயோ! மறந்தால் பழைய கோபம் மட்டும்தான் மிஞ்சும். மறுபடியும் பத்து எண்ணுவான். ரெமிஜியுஸ் மறுபடியும் சாவான்.

இடது காதைத் தோளில் இறுக அமுக்கிக்கொண்டு, கடப்பாரையின் மேல் முழு உடம்பையும் சாய்த்தான். கல் உருண்டது.

உறுமல் கிளம்பியது. கடல் உதறிப் போட்ட பாய்போலச் சிலிர்த்தது. வெயில் பின்வாங்கியது. வள்ளத்தில் இருந்த கறுப்புச் சேலை மங்கி, காற்றாகி, காணாமல் போனது. தோளின் இடுக்கு வழியே ஒரு கீற்றுச் சத்தம் தொபியாஸின் காதுக்குள்ளும் இறங்கிவிட்டது.

"பாறையில என்ன மச்சான் வேடிக்க? வந்து கயத்தப் புடிங்க!"

ரெமிஜியுஸ்! இடுப்பில் கயிறு, ஆழம் இறங்கக் காலில் கட்டிய கல், உதட்டில் அதே கேலிச் சிரிப்பு. தொபியாஸுக்கு ஓடிப்போய்க் கட்டிக்கொள்ளத் தோன்றியது. அதே நொடியில், காலையில் பட்ட அவமானமும் நெஞ்சில் சுடச்சுட எரிந்தது. எட்டு மாதம் அழுதவனும், ஒரு மணி நேரத்துக்கு முன் அவமானப்பட்டவனும் ஒரே உடம்புக்குள் நின்றார்கள். வள்ளத்துக்குத் தாவிக் கயிற்றைக் கையில் எடுத்தான்.

"இன்னைக்கு எறங்காத ரெமி. சொன்னாக் கேளு!"

"பயமா? பயப்படுதது உங்க வேல, குளிக்கது என் வேல." சிரித்தபடியே குதித்துவிட்டான்.

கயிறு ஓடியது, நின்றது. பெர்க்மான்ஸ் தொபியாஸின் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார்.

கயிறு அசைந்தது.

'கொஞ்சம் தவிக்கட்டும்' என்றது உள்ளே ஒரு குரல். ஒன்று. கை எழவில்லை. இரண்டு. எல்லாம் தெரிந்தும் எழவில்லை! மூன்று.

"இழுலே!" பெர்க்மான்ஸ் அலறினார்.

தொபியாஸ் வெறி பிடித்தவனாக இழுத்தான். உள்ளங்கைத் தோல் உரிந்தது. கயிறு கனத்தது. நீலம் பாய்ந்த உதட்டோடு ரெமிஜியுஸின் தலை தண்ணீருக்கு மேலே வந்தது! வள்ளத்தில் விழுந்து இருமினான், வாந்தியெடுத்தான், பிறகு மச்சானின் கழுத்தைக் கட்டிக்கொண்டான்.

"கால் இடுக்குல மாட்டிக்கிச்சு மச்சான். இன்னும் கொஞ்சம் பிந்தியிருந்தா நான் இல்ல. காலையில சொன்னத மனசுல வச்சுக்காதீங்க."

எட்டு மாதமாக எந்த வார்த்தைக்கு ஏங்கினானோ அந்த வார்த்தையே வந்தது. தாங்க முடியவில்லை அவனுக்கு.

கரையில் ஊரே கூடி தொபியாஸைத் தூக்கிக் கொண்டாடியது. மஞ்சள் சேலையில் இமெல்டா ஓடிவந்து இருவரையும் மாறி மாறித் திட்டினாள். தங்கையை அந்த நிறத்தில் மறுபடி பார்த்ததும் தொபியாஸ் வாய்விட்டு அழுதுவிட்டான். பேசாமல் இருந்திருந்தால் கடைசி வரை வீரன்தான். நடக்காத குற்றத்துக்கு யார் சாட்சி? இருந்தும் வீட்டுக்குள் போனதும் சொன்னான். முதல் தடவை எண்ணிய பத்தையும், இந்தத் தடவை எண்ணிய மூன்றையும்.

ரெமிஜியுஸ் சிரித்தான். "வெயில் தலைக்கேறிட்டு போல."

இமெல்டா சிரிக்கவில்லை. வாசலில் நின்ற பெர்க்மான்ஸைப் பார்த்தாள். அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"எல்லாம் தெரிஞ்சுமா மூணு எண்ணுன?"

"ஆமா, பிள்ள. காலத்தத் திருப்பிட்டேன். என் புத்தியத் திருப்ப முடியல. இனி அந்தக் கயறு எனக்கு வேண்டாம்."

அவள் மூலையில் கிடந்த ஈரக் கயிற்றை எடுத்துக் கையில் சுற்றிக்கொண்டாள். "அவுக உயிரோட வந்துட்டாக. அதுக்கு உன் காலத் தொட்டுக் கும்பிடுதேன். ஆனா கயறு இனி என் கையில" என்றாள்.

பொம்பளை வள்ளம் ஏறுவதா என்று மறுநாள் ஊர் முணுமுணுத்தது. அவள் சேலையை வரிந்து கட்டிக்கொண்டு ஏறினாள். தொபியாஸ் துடுப்பு வலித்தான். ரெமிஜியுஸ் இறங்கினான். சற்று நேரத்தில் கயிறு அசைந்தது. தொபியாஸ் மனசுக்குள் ஒன்று என்று சொல்லி முடிப்பதற்குள் பாதிக் கயிறு மேலே வந்திருந்தது.