குஞ்சரம் சொல்லாமல் விட்டது

"இது என்னடி குஞ்சரம்?"

அடுப்பில் இருந்த பாலைக்கூட இறக்காமல் குஞ்சரம் கூடத்துக்கு ஓடிவந்தாள். நாத்தனார் பொன்னம்மையின் கையில் ஒற்றைச் சலங்கை தொங்கிக்கொண்டிருந்தது.

"நேத்து சீதையோட பழைய பையைத் துவைக்கலாம்னு எடுத்தேன். உள்ள இது கிடக்கு! ரெண்டு வருஷமா தையல் கிளாஸ் நாலு மணி வரைக்கும்னு சொன்னீங்களே... தையல் மிஸ்ஸிகிட்டயே ஆளனுப்பிக் கேட்டுட்டேன். ஒரு மணிக்கே விட்டுடுறாங்களாம்! அப்புறம் என் மகளை எங்க கூட்டிட்டுப் போறே?"

குஞ்சரம் வாசல் பக்கம் பார்த்தாள். சீதை சற்று முன்தான் ரிக்‌ஷா ஏறித் தையல் வகுப்புக்குப் போயிருந்தாள்.

"நாடக சபைக் கொட்டகைக்குத்தான் அண்ணி."

"கேட்டியாடா ராமசாமி!" பொன்னம்மை தம்பியைப் பார்த்து அலறினாள். "ஒன்பது வயசுல காய்ச்சல் வந்து கால் சூம்பிப் போன பிள்ளைடா அது! கோல் ஊன்றி நடக்கிற பிள்ளைக்குச் சலங்கை கட்டி ஆட வைக்கிறா! ஊர் சிரிக்கட்டும்னா? இவ மேடை ஏறினது பத்தாதா?"

துறைமுக ஆபீசுக்குக் கிளம்பிக்கொண்டிருந்த ராமசாமி, கோட்டுப் பொத்தானைப் போட்டும் போடாமலும் மனைவி பக்கம் திரும்பினார்.

"நிஜமா குஞ்சரம்?"

"கூட்டிட்டுப் போறது நிஜம். ஆனா நீங்க நினைக்கிற மாதிரி இல்ல. சாயங்காலம் சீதை வரட்டும், அவளே சொல்லுவா."

"அவளுக்கும் வசனம் எழுதிக் குடுத்துட்டியா?" என்றாள் பொன்னம்மை.

குஞ்சரம் தலை குனிந்தாள். சொல்லிவிடலாம். ஒரே வாக்கியம் போதும். ஆனால் அந்த வாக்கியம் சீதையுடையது. "அத்தை, நடந்தா அம்மாகிட்ட நானே காட்டுறேன். நடக்கலைன்னா அம்மாவுக்குத் தெரியவே வேணாம்" என்று அந்தப் பெண் கையில் அடித்துச் சத்தியம் வாங்கியிருந்தாள். காரணம் இருந்தது. ஆஸ்பத்திரி, எண்ணெய் வைத்தியர், தண்ணீர்மலை முருகனுக்குக் காவடி என்று ஒவ்வொன்றையும் நம்பி, ஒவ்வொன்றும் பொய்த்தபோது பொன்னம்மை நாட்கணக்கில் சாப்பிடாமல் சுவரைப் பார்த்துக் கிடந்ததை அந்த வீடு மறக்கவில்லை.

அந்த மௌனத்தை ராமசாமி குற்றமென்றே எடுத்துக்கொண்டார்.

"இருபது வருஷமா உன் இஷ்டத்துக்கு விட்டேன். இன்னிக்கு ஒண்ணு சொல்லு. சபையா, இந்த வீடா?"

"என்னைப் பார்த்தா கேக்குறீங்க?"

அவர் முகத்தைத் திருப்பிக்கொண்டார். அடுப்பில் பால் பொங்கி வழிந்து தீய்ந்த வாடை வந்தது. குஞ்சரம் போய் அடுப்பை அணைத்தாள். இரண்டு புடவைகளை மடித்து எடுத்தாள்.

"சீதைக்கு ரசம் வச்சிருக்கேன். சூடு பண்ணிக் குடுங்க அண்ணி" என்று மட்டும் சொல்லிவிட்டுப் படியிறங்கினாள்.

ரிக்‌ஷா பினாங்கின் சூலியா தெருவைத் தாண்டும்வரை அவள் அழவில்லை. அதற்கப்புறம் அடக்க முடியவில்லை.

பதினெட்டு வயதில் நாகப்பட்டினத்திலிருந்து ஒரு நாடகக் கம்பெனியோடு கப்பலேறி வந்தவள் அவள். பினாங்கு, தைப்பிங், ஈப்போ, கடல் தாண்டி மேடான் வரை ஆடினாள். கம்பெனி கலைந்து மற்றவர்கள் ஊர் திரும்பியபோது அவள் மட்டும் நின்றுவிட்டாள். முன் வரிசையில் மூன்று நாட்கள் தொடர்ந்து வந்து உட்கார்ந்த ராமசாமி நான்காம் நாள் வீடு தேடி வந்து பெண் கேட்டார். பிறகு பதினொரு பெண்களைச் சேர்த்துத் தானே ஒரு சபை தொடங்கினாள். நாடகம் எழுதுவது, கொட்டகை பிடிப்பது, நோட்டீஸ் அடிப்பது எல்லாம் அவளே. புதிதாக வரும் பெண்ணுக்கு அவள் வசனம் சொல்லித் தர மாட்டாள். "பேச்சு அப்புறம்லா. முதல்ல நட" என்பாள். தண்ணீர் சுமப்பவள் எப்படி நடப்பாள், பிள்ளையைப் பறிகொடுத்தவள் எப்படி நடப்பாள், பொய் சொல்லப் போகிறவள் எப்படி நடப்பாள் என்று மாதக்கணக்கில் நடக்க வைப்பாள். எந்தச் சதை இழுக்கிறது, எடை எந்தக் காலில் நிற்கிறது என்பது அவள் கண்ணுக்குத் தப்பாது.

அந்தக் கண்தான் ஒருநாள் சீதையின் காலைப் பார்த்தது. எலும்பில் குறையில்லை. இறுகிப்போன சதைதான் குதிகாலைத் தரையில் பட விடாமல் தூக்கிப் பிடிக்கிறது என்று அவளுக்குப் பட்டது. "தினமும் கொஞ்சம் கொஞ்சமா இளக்கிப் பார்ப்போமா கண்ணு?" என்று கேட்டாள். அன்று ஆரம்பித்ததுதான்.

தாத்தோ கெராமாட் சாலையில் தென்னந்தோப்புக்கு நடுவே இருந்தது அந்தக் கொட்டகை. அதன் பக்கத்து வீட்டு ஷரீஃபாதான் சபைக்கு உடுப்புத் தைப்பவள்; அக்கா முறை வைத்து 'ராத்தா' என்றுதான் குஞ்சரம் அவளை அழைப்பாள். குஞ்சரத்தின் முகத்தைப் பார்த்ததுமே தையல் மெஷினை விட்டு எழுந்து வந்தாள். நடந்ததைக் கேட்டு அவளுக்குப் பொறுக்கவில்லை.

"வாயைத் திறந்து சொல்ல வேண்டியதுதானே புள்ள!"

"அது அவ சொல்ல வேண்டியது ராத்தா."

"அதுக்காக வீட்டை விட்டு வருவியா?"

குஞ்சரம் முகத்தைக் கழுவிக்கொண்டாள். சனிக்கிழமை புது நாடகம். பெண்கள் காத்திருந்தார்கள். ஒத்திகையை ஆரம்பித்தாள். மீன் பிடிக்கப் போய்த் திரும்பாத புருஷனுக்காகக் கரையில் காத்திருப்பவளின் கதை அது. நடுவில் குரல் உடைந்தது. பெண்கள் நடிப்பென்று நினைத்துக் கண் கலங்கினார்கள்.

இரண்டு மணி இருக்கும். தோப்பின் வாசலில் இரண்டு ரிக்‌ஷாக்கள் வந்து நின்றன. கூட்டிப்போக அத்தை வராததால் நேரே வீட்டுக்குப் போயிருந்த சீதை முதலாவதிலிருந்து இறங்கினாள். பின்னாலேயே பொன்னம்மையும், அன்று ஆபீசுக்கே போகாத ராமசாமியும்.

"எதுக்குடி இங்க இழுத்துட்டு வந்தே? வீட்டுல கேட்டா வாயே திறக்கல... நில்லுடி! கோலை விட்டுட்டுப் போறியே, விழுந்துடுவே!"

தாயின் குரலுக்குச் சீதை திரும்பவில்லை. ரிக்‌ஷாவில் சாத்திய கோல் அங்கேயே இருந்தது. அவள் மணலில் ஒரு அடி வைத்தாள். பிறகு இன்னொன்று. உடம்பு லேசாக வலப்பக்கம் சாய்ந்தது, நொண்டல் இருக்கத்தான் செய்தது. ஆனால் ஏழு வருஷமாகத் தரையைத் தொடாத அந்தக் குதிகால் ஒவ்வொரு அடிக்கும் முழுதாகப் பதிந்தது. தோப்பைக் கடந்து, கொட்டகையின் மூன்று படிகளையும் ஏறி, குஞ்சரத்தின் முன்னால் வந்து நின்றாள். மூச்சு வாங்கியது.

"இன்னும் ஒரு மாசம் பழகிட்டுக் காட்டலாம்னு இருந்தேன் அத்தை. என்னால நீங்க..."

குஞ்சரத்தின் தோளில் சாய்ந்து விம்மினாள்.

பொன்னம்மை மணலில் அப்படியே உட்கார்ந்துவிட்டாள். மகள் நடந்து போன தடத்தைக் கையால் தடவிப் பார்த்தாள்.

"அம்மா, சலங்கை ஆடுறதுக்கு இல்லம்மா" என்றாள் சீதை அழுகையினூடே. "குதிகால் சரியா விழுந்தா ஒரே சத்தமா கேக்கும். இழுத்தா கலகலன்னு சிதறும். அதைக் கேட்டுக் கேட்டுத்தான் நான் நடக்கப் பழகினேன்."

"இன்னும் கேளுங்கம்மா!" ஷரீஃபா முன்னால் வந்தாள். "போன வருஷம் சிங்கப்பூர்ல மூணு மாசம் நாடகம் போட வரச் சொல்லிக் கடிதாசி வந்துச்சு. இவ போகல. ஏன் தெரியுமா? நடுவுல விட்டா பிள்ளை கால் பழையபடி இறுகிடுமாம்!"

"ராத்தா, போதும்" என்றாள் குஞ்சரம்.

ராமசாமி நிமிர்ந்து பார்த்தார். "உனக்கு வயசாயிட்டதுன்னு அவங்கதான் வேணாம்னுட்டாங்கன்னு நினைச்சேனே... நீ ஒரு வார்த்தை சொல்லலையே குஞ்சரம்..."

"நீங்க ஒரு வார்த்தை கேக்கலையே."

அவர் கண்ணாடியைக் கழற்றினார். துடைக்கவும் இல்லை, போட்டுக்கொள்ளவும் இல்லை. "தப்பு என்னோடதுதான்" என்றார் மெல்ல. "வீடா சபையான்னு உன்கிட்ட இனி யாரும் கேக்கமாட்டாங்க. நானும் கேக்கமாட்டேன்."

பொன்னம்மை எழுந்து தட்டுத் தடுமாறிப் படியேறி வந்தாள். காலில் விழக் குனிந்தவளைக் குஞ்சரம் பதறிப் பிடித்துக்கொண்டாள்.

"அண்ணி, என்ன இது! பெரியவங்க நீங்க..."

"நான் பெத்தேன். நடக்க வச்சது நீ... உன்னைப் போய்..." பொன்னம்மை அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு கதறினாள். "அவ மேடையில ஏறணும்னாலும் ஏறட்டும்டி! நான் ஒண்ணும் சொல்லமாட்டேன்!"

"ஐயோ, எனக்கு வேணாம்மா! எனக்குத் தையல்தான் புடிக்கும்" என்றாள் சீதை. கண்ணீரோடு எல்லாரும் சிரித்துவிட்டார்கள்.

"வா குஞ்சரம், வீட்டுக்குப் போவோம்" என்று பொன்னம்மை அவள் கையைப் பிடித்தாள்.

குஞ்சரம் திரும்பிப் பார்த்தாள். பதினொரு பெண்களும் அவரவர் இடத்தில் அசையாமல் நின்றிருந்தார்கள்.

"வரேன் அண்ணி. இன்னும் ஒரு காட்சி பாக்கி இருக்கு. முடிச்சிட்டு வந்துடுறேன்."

ஒரே கூரையின் கீழ் பதின்மூன்று வருஷம் இருந்தும் பொன்னம்மை அவள் நடித்து ஒருநாளும் பார்த்ததில்லை. இப்போது ஷரீஃபா போட்ட பாயில் மகளை மடியோடு அணைத்துக்கொண்டு உட்கார்ந்தாள்.

குஞ்சரம் கொட்டகையின் கோடிக்குப் போனாள். அங்கிருந்து அவள் நடந்து வரத் தொடங்கியபோது வசனம் எதுவும் இல்லை. கடலைப் பார்த்துப் பார்த்துச் சலித்துப்போன ஒருத்தி மெல்லக் கரையை நோக்கி வந்துகொண்டிருந்தாள். பொன்னம்மை மூச்சைப் பிடித்துக்கொண்டாள்.

"யாருடி இது..." என்றாள் மகளின் காதில். "நம்ம குஞ்சரமா?"