மாடிப்படிக்குக் கீழே

மழை வெளுத்து வாங்கிய ஒரு பிற்பகலில் லியாவ் என்பவனும் அவன் மனைவியும் வந்து சேர்ந்தார்கள். சூ-சின்னின் விடுதிக்கு அவர்கள்தான் முதல் விருந்தாளிகள். தைவானின் மேற்குக் கரையில், கடல் பின்வாங்கிப் போன சின்னத் துறைமுக ஊர் அது. தலைமுறை தலைமுறையாக மருந்துக்கடையாக இருந்த வீடு. இழுப்பறையைத் திறந்தால் இன்னும் அதிமதுரம் மணக்கும்.

சூ-சின் வீட்டுப் பெருமையை அளந்துகொண்டே அவர்களை அழைத்துப் போனாள். காய்ச்சல் பரவிய வருடம் தாத்தா ஊருக்கே இலவசமாக மருந்து கொடுத்த கதையைச் சொன்னாள். இறந்துபோன தாத்தா, பாட்டி, அப்பா, அம்மாவின் பெயர் பொறித்து வழிபடும் பெயர்ப்பலகைகள் வரிசையாக நின்ற முன்னோர் மாடத்தைக் காட்டினாள். பக்கத்துச் சுவரில் ஒரு பழைய படம்.

"இவங்க யாருக்கா? இடுப்புல குழந்தையோட நிக்கிறாங்களே?" என்று கேட்டாள் லியாவின் மனைவி.

அது பீ-யூன் அத்தை. இடுப்பில் இருந்தது சூ-சின். தாயில்லாப் பிள்ளையை வளர்த்து ஆளாக்கியதிலேயே அத்தையின் கல்யாண வயது ஓடிப்போயிற்று. கல்யாணமாகாமல் செத்தவளுக்குப் பிறந்த வீட்டு மாடத்தில் இடம் தரக்கூடாது என்பது வழக்கமாம். நல்ல வழக்கம்! போன குளிர்காலத்தில் அத்தை இறந்ததும், "கோயில்ல கொண்டுபோய் வெச்சிடு" என்று அண்ணன் சொல்லிவிட்டான். விடுதி திறக்கிற அவசரத்தில், அவளுடைய பெயர்ப்பலகையைத் துணியில் சுற்றி, மாடிப்படிக்குக் கீழே துடைப்பங்களோடு வைத்திருந்தாள் சூ-சின்.

இதையெல்லாம் விருந்தாளியிடம் எந்த வாயால் சொல்வது? நாக்கு முந்திக்கொண்டது.

"அவங்களா? எங்க வீட்டு வேலைக்காரி."

சொன்ன கணமே அவளுக்கு முகம் சுட்டது.

படிக்குக் கீழே ஏதோ சரிந்து விழுந்தது. "துடைப்பமா இருக்கும்" என்றாள்.

விளக்கேற்றும் நேரத்தில் லியாவின் மனைவி சிரித்துக்கொண்டே கீழே வந்தாள்.

"உங்க வேலைக்காரம்மா தங்கமானவங்கக்கா. ரூம்ல இருக்கிற மணிய அடிச்ச உடனே இஞ்சித் தேநீர் கொண்டாந்துட்டாங்க. உக்காருங்கன்னு எவ்வளவோ சொன்னேன். உக்காரவும் இல்ல, தலை நிமிரவும் இல்ல."

சூ-சின் வேலைக்கு யாரையும் வைத்திருக்கவில்லை.

சமையலறையில் கெண்டி கொதித்துக்கொண்டிருந்தது. இஞ்சியோடு சேர்ந்து தைல வாசனை. அத்தை முழங்காலுக்குத் தடவுகிற அதே தைலம். தரை அப்போதுதான் துடைத்த ஈரம்.

"அத்தை?"

குரல் அவள் பிடரிக்குப் பின்னால் கேட்டது.

"சொல்லுங்க, முதலாளியம்மா."

திரும்பினாள். யாருமில்லை. ஈரத்தில் சின்னச் சின்னப் பாதத் தடங்கள் படிக்குக் கீழே போய் முடிந்திருந்தன.

சூ-சின் ஓடிப்போய்ப் பலகையை எடுத்தாள். முந்தானை இல்லாத குறைக்குச் சட்டைக் கையாலேயே தூசியைத் துடைத்து, மாடத்தில் அம்மாவுக்குப் பக்கத்தில் வைத்தாள். லியாவின் மனைவி பார்த்துக்கொண்டிருக்கும்போதே மண்டியிட்டாள்.

"நான் பொய் சொல்லிட்டேன்மா. இவங்க என் அத்தை. என்னைப் பெறாம பெத்தவங்க. வெக்கமா இருக்கு."

இறந்தவர்களிடம் குறி கேட்க உருட்டும் பிறைக்கட்டைகள் இரண்டையும் கையில் எடுத்தாள். ஒன்று மல்லாந்து ஒன்று கவிழ்ந்தால் சம்மதம். இரண்டும் கவிழ்ந்தால் மறுப்பு.

"அண்ணன் கத்தட்டும், ஊரு பேசட்டும். நீங்க இங்கயே இருங்க அத்தை."

இரண்டும் கவிழ்ந்தன.

"என்னை அடிங்க, திட்டுங்க. முதலாளியம்மான்னு மட்டும் கூப்பிடாதீங்க."

மறுபடியும் கவிழ்ந்தன.

நிமிர்ந்து பார்த்தாள். அம்மாவுக்குப் பக்கத்தில் பலகை வைத்த இடம் காலியாக இருந்தது.

மாடியில், கீழே நடப்பது எதுவும் தெரியாத லியாவ், இன்னொரு தேநீருக்காக மணியை அடித்தான்.

படிக்குக் கீழே கதவு கிரீச்சிட்டது.

"இதோ வந்துட்டேங்க."

அத்தைக்கு முழங்கால் வலி. ஒவ்வொரு படியிலும் நின்று நின்று, அந்தக் காலடிகள் மேலே ஏறிப் போயின.