மூன்றாம் கட்டிலருகே ஒரு வாஷ்பேசின்

தீவிர சிகிச்சைப் பிரிவைப் பூட்டி நாலு நாள் ஆகியிருந்தது. வாஷர் தன் கருவிப் பையோடு மூன்றாவது மாடிக்கு ஏறி வந்தபோது காலை பதினொரு மணி இருக்கும். ஆஸ்பத்திரியில் அவரை எல்லோரும் அப்படித்தான் கூப்பிடுவார்கள். சட்டைப் பையில் எந்நேரமும் நாலைந்து ரப்பர் வாஷர் கிடக்கும். பேனா தேடிக் கைவிட்டால் அதுதான் முதலில் வரும். இருபத்திரண்டு வருஷமாக அந்தக் கட்டடத்தின் குழாய்கள் அத்தனையும் அவர் பொறுப்பு. எந்தச் சுவருக்குள் எது ஓடுகிறது என்று கண்ணை மூடிக்கொண்டு சொல்வார்.

கதவருகே சோப்பு சிஸ்டர் காத்திருந்தார். ஆஸ்பத்திரிக்குள் கிருமி பரவாமல் பார்த்துக்கொள்வது அவர் வேலை. டாக்டர்கள் கை கழுவும்போது சத்தமில்லாமல் பின்னால் போய் நின்று, விரலிடுக்கு வரை தேய்க்கிறார்களா என்று கவனிப்பார். பெரிய டாக்டரே அவரைக் கண்டால் இன்னொரு தடவை கழுவிவிட்டுத்தான் நகர்வார்.

"மாஸ்க் போடுங்க. கையுறை ரெண்டு ஜோடி," என்றார். "உள்ள எதையும் வெறுங்கையால தொடக்கூடாது."

"வாஷ்பேசின் கழட்டத்தானே சிஸ்டர் கூப்பிட்டீங்க? நான் என்ன ஆபரேஷனா பண்ணப்போறேன்?"

வழக்கமாக இப்படிப் பேசினால் பதிலுக்கு ஏதாவது சொல்வார். அன்று நேரே பூட்டைத் திறந்து தள்ளினார்.

எட்டுக் கட்டில்கள். மெத்தைகளை எடுத்துவிட்டதால் இரும்புச் சட்டங்கள் மட்டும் நின்றன. திரைகள் இல்லாத வெறும் கம்பிகள். இயந்திரங்கள் இருந்த இடங்களில் தரையில் சதுரச் சதுரமாகத் தடம். பிளீச்சிங் நெடி கண்ணைக் கரித்தது. ஜன்னல் வழியே நல்ல வெயில் விழுந்தும் அந்த அறை சூடேறாமல் கிடந்தது.

"ரெண்டு மாசத்துல நாலு பேர் போயிட்டாங்க," என்றார் சிஸ்டர். கேட்க ஆளில்லாத இடத்திலும் குரலைத் தாழ்த்தினார். "வந்தது வேற வேற வியாதிக்கு. ஒருத்தர் ஸ்கூல் பஸ் டிரைவர். குடல்ல ஆபரேஷன் முடிஞ்சு நல்லா தேறிட்டு வந்தார். நாலு பேருமே இந்த மூணாவது கட்டில். நாலு பேருக்கும் ஒரே கிருமி. வெளியில இருந்து கொண்டு வந்ததில்ல, இங்க வந்த பிறகு ஒட்டினது."

"மருந்து கேக்கலையா?"

"இருக்கிற மருந்தையெல்லாம் பார்த்துப் பழகின கிருமி. எதுக்கும் அசையல. கட்டிலை மாத்தினோம், திரையை மாத்தினோம், சுவரைத் தேய்ச்சுக் கழுவினோம். அடுத்த ஆள் வந்து படுத்ததும் மறுபடி ஆரம்பம். கடைசியில இதுக்குள்ள பஞ்சுக் குச்சி விட்டு எடுத்து லேபுக்கு அனுப்பினேன்." மூன்றாவது கட்டிலின் தலைமாட்டில் இருந்த வாஷ்பேசினைக் காட்டினார். "இங்கதான் குடியிருக்கு. குழாய்க்குள்ள பாசி மாதிரி படிஞ்சிருக்கும். மேல மருந்து ஊத்தினா மேல இருக்கிறது சாகும். அடியில இருக்கிறது மெதுவா ஏறி வரும். யாராவது கை கழுவினா அந்தத் தண்ணி தெறிச்சு..."

கட்டிலுக்கும் பேசினுக்கும் நடுவே கையை வைத்து அளந்து காட்டினார். இரண்டு முழம்கூட இல்லை.

வாஷரின் மனசு ஒரு மாடி கீழே போயிருந்தது. நேர் கீழே எலும்பு வார்டு. இதே சுவரை ஒட்டிய கட்டிலில் அவர் மனைவி படுத்திருந்தாள். படியில் வழுக்கித் தொடையெலும்பு முறிந்து, உள்ளே கம்பி வைத்து அன்றைக்கு ஆறாம் நாள். 'நம்ம ஆஸ்பத்திரி, நான் இருக்கேன்ல' என்று தைரியம் சொல்லிக் கூட்டிவந்தவர் அவர். எழுந்து நடக்க முடியாதவளுக்கு வசதியாக இருக்கட்டும் என்று வாஷ்பேசின் பக்கத்துக் கட்டிலைக் கேட்டு வாங்கிக் கொடுத்தவரும் அவர்தான்.

முழங்காலிட்டு பேசினுக்கு அடியில் வாளியை வைத்தார். வளைந்து தொங்கும் கழிவுக் குழாயின் நட்டை ஸ்பேனரால் ஒரு சுற்றுச் சுற்றினார்.

முதலில் வந்தது வாசனை. சாக்கடை நாற்றத்தை எதிர்பார்த்திருந்தவருக்கு அது குழப்பமாக இருந்தது. பழுத்து வெடித்த திராட்சை போல ஒரு தித்திப்பு, மாஸ்க்கைத் தாண்டித் தொண்டைக்குள் இறங்கியது.

குழாயை உருவினார். உட்சுவரெல்லாம் சாம்பலும் பச்சையுமாக வழவழப்பு. அது வாளிக்குள் விழவில்லை. நூல் நூலாக நீண்டு, சுவரில் இருந்த ஓட்டையைப் பிடித்துக்கொண்டு தொங்கியது.

அப்போதுதான் ஓட்டைக்குள்ளிருந்து கேட்டது.

"தண்ணி."

வாஷர் நிமிர்ந்து சிஸ்டரைப் பார்த்தார். சிஸ்டர் ஜன்னலைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

குழாய் சத்தத்தைக் கடத்தும். மூன்றாவது மாடியில் தும்மினால் தரைத்தளத்தில் கேட்பது அவருக்குப் புதிதல்ல. யாரோ எங்கேயோ பேசுகிறார்கள் என்று நினைத்துக்கொண்டு துணியால் ஓட்டையைத் துடைக்கப் போனார்.

"கொஞ்சம் தண்ணி."

இது வேறு குரல். வயதான பெண்ணின் குரல். அதன் பின்னால் இன்னும் ஒன்று. பிறகு நிதானமாக, ஓர் ஆணின் குரல், பிள்ளைகளிடம் பேசுவது மாதிரி.

"எல்லாரும் உக்காருங்க. வண்டி எடுக்கணும்."

வாஷரின் கையிலிருந்த துணி நழுவியது.

"உங்களுக்கும் கேக்குதா?" என்றார் சிஸ்டர். திரும்பாமலே கேட்டார்.

"என்ன சிஸ்டர் இது?"

"காய்ச்சல் ஏறினப்போ அந்த பஸ் டிரைவர் இதைத்தான் சொல்லிட்டே இருந்தார். மூணு நாள். நாலு பேருமே தண்ணி கேட்டாங்க. குடுக்கக்கூடாத நிலைமை. ஈரப் பஞ்சால உதட்டை நனைச்சு விட்டதோட சரி." அவர் கண்களுக்குக் கீழே மாஸ்க் நனைந்திருந்தது. "எனக்கு மட்டும்தான் புத்தி பேதலிச்சுப் போச்சுன்னு நினைச்சேன்."

ஓட்டைக்குள் ஏதோ நகர்ந்தது. வழவழப்பான ஒன்று, அவசரமே இல்லாமல் வழுக்கிக்கொண்டு போகும் ஓசை.

கீழ் நோக்கி.

"இந்த லைன் எங்க போகுது?" என்று சிஸ்டர் கேட்டார்.

வாஷர் கையுறைகளைக் கழற்றி எறிந்துவிட்டு எழுந்தார். கதவை நோக்கி ஓடப்போனவரை சிஸ்டர் குறுக்கே நின்று மறித்தார்.

"கை," என்றார். "எங்க வேணா போங்க. கையைச் சுத்தம் பண்ணிட்டுப் போங்க."

சுவரில் மாட்டியிருந்த குப்பியிலிருந்து மருந்தை வாங்கித் தேய்த்துக்கொண்டே அவர் படிகளில் இறங்கினார்.

எலும்பு வார்டில் எல்லாம் எப்போதும் போல இருந்தது. அவர் மனைவி தலையணையில் சாய்ந்துகொண்டு பக்கத்துக் கட்டில்காரியின் ரவிக்கைக்கு ஊக்கு தைத்துக்கொண்டிருந்தாள். தையல்காரி. காலில் கம்பி வைத்தாலும் கை சும்மா இருக்காது.

"என்னங்க, பேய் அறைஞ்ச மாதிரி வர்றீங்க?"

"ஒண்ணுமில்ல. வேற கட்டிலுக்குப் போகலாம். இப்பவே."

"நீங்கதானே இதைக் கேட்டு வாங்கினீங்க? எனக்கு இங்க சௌகரியமாத்தான் இருக்கு. ஒரே ஒரு தொல்லை, மேல் வார்டுல யாரோ தண்ணி கேட்டுக்கிட்டே இருக்காங்க. இந்தக் குழாய் வழியா வருது."

வாஷர் கட்டிலின் கம்பியைப் பிடித்துக்கொண்டார்.

"எத்தனை நாளா?"

"நாலு நாளா. பாவம், யாரும் குடுக்க மாட்டேங்கறாங்க போல. எனக்கு மனசு கேக்கல. என் டம்ளர்ல இருக்கிறதை இதுக்குள்ள ஊத்திடறேன். காலைல ஒண்ணு, சாயங்காலம் ஒண்ணு. அவங்களுக்குப் போய்ச் சேராதுன்னு எனக்கும் தெரியும். ஆனா ஊத்தினா அடங்கிடறாங்க." ஊசியை ரவிக்கையில் குத்திவைத்தாள். "பேசின்ல ஊத்தினா மேல தெறிக்குது, பாருங்க. அதைச் சரி பண்ணுங்க முதல்ல."

தொடையில் கட்டியிருந்த வெள்ளைத் துணியில் சின்னச் சின்ன ஈரத் திட்டுகள்.

அவர் அவள் நெற்றியில் கைவைத்தார்.

கொதித்தது.

அன்று மத்தியானமே சோப்பு சிஸ்டர் அவளைப் பின்பக்கக் கட்டடத்தில், குழாயே இல்லாத ஒரு தனியறைக்கு மாற்றினார். இரண்டு நாள் கழித்து லேபிலிருந்து முடிவு வந்தது. அதே கிருமி. தொடைக்குள் வைத்த கம்பியைப் பிடித்துக்கொண்டிருந்தது. கம்பியை எடுத்தார்கள். சிறுநீரகத்தைக் கெடுக்கும் என்று பல வருஷங்களாக ஓரங்கட்டி வைத்திருந்த பழைய மருந்து ஒன்றைப் பெரிய டாக்டர் வரவழைத்தார். "இதுக்கு மேல கையில ஒண்ணும் இல்ல," என்று வாஷரிடம் நேராகவே சொல்லிவிட்டார்.

வாஷரால் அறைக்கு வெளியே உட்கார்ந்திருக்க முடியவில்லை. கருவிப் பையை எடுத்துக்கொண்டு மூன்றாவது மாடிக்குப் போனார்.

அந்தச் சுவரையொட்டி மூன்று மாடிகளிலும் ஆறு வாஷ்பேசின்கள். அந்தப் பக்கத்துக் கட்டில்களைக் காலி செய்யச் சொல்லிவிட்டு ஒவ்வொன்றாகக் கழற்றினார். சுவரை உடைத்துக் கிளைக் குழாய்களை அறுத்து, மஞ்சள் பைகளில் கட்டி எரிக்க அனுப்பினார். உதவிக்கு வந்தவர்கள் வாசனை தாங்காமல் போய்விட்டார்கள். ஐந்து நாள் தனியாகவே வேலை செய்தார். தலைக்கு மேலேயும் காலடியிலும் குரல்கள் முனகிக்கொண்டிருந்தன. பழகிவிட்டது என்று சொல்ல முடியாது. பல்லைக் கடித்துக்கொண்டு அறுத்தார்.

ஐந்தாம் நாள் சாயங்காலம் மிச்சமிருந்தது ஒரே ஒரு குழாய் வாய். எலும்பு வார்டில், அவள் கட்டிலுக்கு நேராக. அதற்கான மூடியின் விளிம்பில் பசை தடவிக்கொண்டிருந்தார்.

"என்னங்க."

பசை பிரஷ் அப்படியே நின்றது.

"என்னங்க, இருட்டா இருக்கு. மூடாதீங்க."

அவள் குரலேதான். கூப்பிட்டுவிட்டு ஒரு நொடி நிறுத்தும் பழக்கம்கூட அவளுடையதுதான். முப்பது வருஷம் கேட்ட குரல் அவருக்குத் தெரியாதா?

இடது கையில் மூடியைப் பிடித்தபடி, வலது கையால் போனை எடுத்து சிஸ்டரை அழைத்துத் தோளில் இடுக்கிக்கொண்டார். மணி அடித்துக்கொண்டே இருந்தது.

"இங்க குளிருது. கையைக் குடுங்க."

குழாயின் வாய் அவர் முகத்துக்கு நேரே இருந்தது. தித்திப்பு வாசனை ஏறியது. கையுறையைக் கழற்றினால் போதும், உள்ளே நீட்டிவிடலாம். அவரை அறியாமல் விரல்கள் மற்ற கையின் கையுறை நுனியைத் தேடின.

மறுமுனையில் போன் எடுக்கப்பட்டது.

"சிஸ்டர், அவ எப்படி இருக்கா?"

"நானே கூப்பிடணும்னு இருந்தேன். காய்ச்சல் விட்டிருக்கு. கண்ணைத் திறந்து பேசினாங்க. உங்களைத்தான் கேட்டாங்க."

"இப்போ பேசிட்டு இருக்காளா?"

"என் முன்னாடிதான் இருக்காங்க. குடுக்கவா?"

குழாய்க்குள்ளிருந்து அழுகை வந்தது. சத்தம் போடாத அழுகை. பொண்ணைக் கட்டிக்கொடுத்து அனுப்பிய அன்று சமையலறையில் நின்று அழுதாளே, அது.

வாஷர் மூடியை வைத்து அழுத்தினார். பசை பிடிக்கும் வரை இரண்டு கையாலும் அழுத்திக்கொண்டே நின்றார். உள்ளே ஏதோ மூடியை மூன்று முறை தட்டியது. மேலே சிமெண்டை அள்ளி அள்ளிப் பூசியபோது தான் வாய்விட்டு அழுதுகொண்டிருப்பது அவருக்கே தெரியவில்லை.

அவள் பிழைத்தாள். ஒரு கால் சற்றுக் குட்டையாகிவிட்டது. சிறுநீரகத்துக்கென்று தினமும் மாத்திரை. வீட்டுக்கு வந்து ஒரு மாதம் கழித்து, தையல் மெஷின் முன்னால் உட்கார்ந்திருந்தவள் திடீரென்று கேட்டாள்.

"தண்ணி கேட்டவங்களுக்குத் தண்ணி குடுத்தேன். அது தப்பாங்க?"

வாஷர் நூல்கண்டை எடுத்து அவள் கையில் கொடுத்தார். அவளும் மறுபடி கேட்கவில்லை.

பூட்டிய பிரிவு பூட்டியபடியே இருந்தது. அடுத்த வருஷம், ரோட்டுக்கு எதிர்ப்புறம் காலியாகக் கிடந்த மனையில் புதுக் கட்டடம் எழும்பியது. தீவிர சிகிச்சைப் பிரிவு அங்கே போவதாக முடிவானது. சோப்பு சிஸ்டர் ஒற்றைக் காலில் நின்று, கட்டில்கள் இருக்கும் பக்கத்தில் ஒரு குழாய்கூட வரவிடாமல் செய்துவிட்டார். கை கழுவ ஒரே ஒரு வாஷ்பேசின், அதுவும் வாசலுக்கு வெளியே.

திறப்பதற்கு ஒரு வாரம் முன்பு வாஷரும் சிஸ்டரும் பார்க்கப் போனார்கள். பெயிண்ட் வாசனை. நோயாளி எவரும் கால் வைக்காத தரை. சிஸ்டர் வெகுநாள் கழித்துச் சிரித்துப் பேசினார்.

பேசினை அன்று காலைதான் அட்டைப்பெட்டியிலிருந்து எடுத்துச் சுவரில் மாட்டியிருந்தார்கள். அதன் வாயை மூடிக் கம்பெனிக்காரர்கள் ஒட்டிய பிளாஸ்டிக் தாள் கிழியாமல் இருந்தது. தண்ணீர் இணைப்பு இன்னும் தரவில்லை. அடியில் கழிவுக் குழாயும் மாட்டவில்லை. அந்தத் துளையையும் கம்பெனி டேப் ஒட்டியே அனுப்பியிருந்தது.

தாளின் உட்புறம் முத்து முத்தாக ஈரம் கோத்திருந்தது.

"குளிர்ல வேர்த்திருக்கும்," என்றார் சிஸ்டர்.

வாஷர் மின்விசிறியை நிறுத்தினார். போய் ஜன்னல்களை ஒவ்வொன்றாகச் சாத்திவிட்டு வந்து நின்றார். அங்கே ஓர் இழை காற்றில்லை.

தாள் மெல்ல உள்ளே குழிந்தது. பேசினின் அடி வரை போய் ஒட்டிக்கொண்டு, சற்று நேரம் அப்படியே இருந்தது.

பிறகு நிதானமாக மேலே உப்பியது.

சிஸ்டர் அவர் முழங்கையைப் பிடித்தார். இருவரும் நகரவில்லை. தாள் மறுபடி உள்ளே இழுத்துக்கொண்டது.