கேட் ஏற்றுக்கொண்ட முகம்

கேட்டில் இருந்த கேமரா மூன்றாவது முறையாக ஷோபனாவுக்குச் சிவப்பு விளக்கைக் காட்டியது. கண்ணாடியைக் கழற்றினாள், முடியைக் காதுக்குப் பின்னால் தள்ளினாள். பட்டாபிராம் ஸ்டேஷன் பக்கம் ஒரு கூட்ஸ் வண்டி முடிவே இல்லாமல் கடகடத்துக்கொண்டிருக்க, எதிர்க்கடை பஜ்ஜி எண்ணெயின் வாசனை சாயங்கால வெக்கையோடு மூக்கில் ஏற, திரையில் எழுத்து வந்தது: ஷோபனா, 5-பி, வீட்டில் இருக்கிறார்.

"யாரைப் பாக்கணும்மா?" என்றார் காவலாளி கஜபதி. இன்றுதான் வேலைக்குச் சேர்ந்தவர்.

"நான்தான் ஷோபனா. ஸ்கூல் வேன் வந்துச்சா? என் பொண்ணு நிஷா எங்க?"

"பாப்பாவ அவங்கம்மா அப்பவே கூட்டிகினு போய்ட்டாங்களே." திரையைத் திருப்பிக் காட்டினார். "தோ பாரு. இது இன்னா மூஞ்சி, உன்து இன்னா மூஞ்சி."

அந்த மூஞ்சியைச் செய்ததே அவள்தான். ஓவியக்காரி அல்லவா. தன் முகத்தை இணையத்தில் போட்டு, எதை மாற்றலாம் என்று ஊர் பேர் தெரியாதவர்களிடம் ஆறு மாதம் ஓட்டுக் கேட்டாள். மூக்கைச் சின்னதாக்கச் சொன்னார்கள், கன்னத்துத் தழும்பை எடுக்கச் சொன்னார்கள், நிறத்தைப் பற்றிக் கேட்கவே வேண்டாம். தேறி வந்த முகத்தைப் பேசவும் சிரிக்கவும் வைத்துக் கண்காட்சியில் ஓடவிட்டாள். அதோடு நிறுத்தியிருக்கலாம். குடியிருப்பில் எல்லோரும் முகம் பதிய வேண்டும் என்றபோது, தன் முகத்துக்குப் பதிலாக டேப்லெட்டில் இந்த முகத்தை நீட்டிப் பதிந்தாள். கேமரா ஏற்றுக்கொண்டது. அதையும் வீடியோவாகப் போட்டு, கைதட்டல் வாங்கிப் பூரித்துப்போனாள். தன் தலையில் தானே மண்ணை வாரிப் போட்டுக்கொண்டது அப்போது தெரியவில்லை. கேமரா அவளை ஏற்காத நாளெல்லாம் பழைய காவலாளி சிரித்துக்கொண்டே கதவைத் திறந்துவிடுவார்.

"வீட்ல நானும் என் பொண்ணும் மட்டும்தாங்க. இண்டர்காம்ல கூப்பிட்டுப் பாருங்க."

யாரும் எடுக்கக் கூடாது என்று வேண்டிக்கொண்டாள். இரண்டாவது மணியில் எடுத்தார்கள்.

"சொல்லுங்கண்ணா."

அவள் குரல். பிசிறு இல்லாத அவள் குரல். பின்னால் நிஷா கலகலவென்று சிரித்துக்கொண்டிருந்தாள்.

"யாரோ ஒரு அம்மா உங்க பேரச் சொல்லிகினு வந்துகீது மேடம்."

ஷோபனா ரிசீவரைப் பிடுங்கினாள். "நிஷா, வெளிய ஓடு. பக்கத்து வீட்டு கஸ்தூரி ஆன்ட்டிகிட்ட ஓடு கண்ணு."

சிரிப்பு நின்றது.

"அம்மா, யாரும்மா அது?" என்றாள் நிஷா. ஷோபனாவிடம் கேட்கவில்லை.

"பயப்படாத. வா, காட்டறேன்."

இணைப்பு அறுந்தது.

கேட்டைத் தாண்டப் பாய்ந்தாள். கஜபதி கையைப் பிடித்துக்கொண்டார். இரும்புப் பிடி. கெஞ்சினாள். திமிறினாள். காலில் விழக்கூடப் பார்த்தாள். அவர் விடவில்லை.

மேலே பால்கனிக் கதவு திறந்தது. ஐந்தாவது மாடி.

சின்ன மூக்கு. தழும்பு இல்லாத கன்னம். நிஷாவைத் தூக்கிக் கைப்பிடிச் சுவர்மேல் உட்காரவைத்தது. கால்கள் வெளியே. இடுப்பைச் சுற்றி இரண்டு கைகள்.

நிஷா கீழே பார்த்தாள். கேட்டில் நின்ற தாயைப் பார்த்தாள். பயந்து, பின்னால் சாய்ந்துகொண்டாள்.

"பாத்தியா?" என்றார் கஜபதி. "கொயந்த அவங்கம்மாகிட்டதான் கீது."



மேலிருந்து அது அவளைப் பார்த்தது. சிரித்தது. வீடு தேடி வந்த விருந்தாளியைப் பார்த்த மாதிரி, குழந்தையின் இடுப்பிலிருந்து இரண்டு கைகளையும் எடுத்து, கூப்பி, வணக்கம் வைத்தது.