வைக்கோல் மணப்பெண்

வெட்டிப்போட்ட படச்சுருள் துண்டுகள் கிடந்த கூடை ஈரமாக இருந்தது. படச்சுருளை வெட்டி ஒட்டும் ஹெட்டா அண்ணாந்து பார்த்தாள், கூரை ஒழுகவில்லை. விரலை முகர்ந்தாள். சுருளுக்கே உரிய கற்பூர நெடி இல்லை. பெர்லின் வாய்க்காலின் பாசி வாடை.

போன மாதம் அந்த வாய்க்காலிலிருந்துதான் லீஸ்பெத்தை இழுத்துப் போட்டார்கள். சலவைக்காரி மகள், படத்திலும் பிரபுவின் மகனைக் காதலிக்கும் சலவைக்காரியாகத்தான் நடித்தாள். நிஜத்தில் அவளைக் காதலித்தவன் படக் கம்பெனி முதலாளி ராட்டன்பெர்கின் மகன். "திரையில எந்தப் பிரபுவை வேணா கட்டிக்கோ. என் வீட்டு வாசப்படி மட்டும் மிதிக்காதே" என்றார் முதலாளி. மகன் அப்பா பின்னாலேயே போய்விட்டான், கோழை.

எல்லாப் படங்களையும் போல இதற்கும் இரண்டு முடிவு. அமெரிக்காவுக்குக் கல்யாணம், உள்ளூருக்குச் சாவு; ஒரே சரக்கு, சந்தைக்கொரு பொட்டலம். சாகிற காட்சியில் நடிக்க லீஸ்பெத் மறுத்ததால் மணப்பெண் உடுப்பு மாட்டிய வைக்கோல் பொம்மையைத் தண்ணீரில் வீசிப் படம் பிடித்தார்கள். "அந்தக் கல்யாணமாவது இருக்கட்டும் அக்கா" என்று ஹெட்டாவிடம் கெஞ்சியிருந்தாள்.

அவள் செத்ததும் முதலாளி கணக்கை மாற்றினார். செத்தவள் சாகிற படமென்றால் எந்த ஊரிலும் கூட்டம் மொய்க்குமாம். கல்யாணத்தை எல்லாப் பிரதியிலும் வெட்டச் சொன்னார். பல்லைக் கடித்துக்கொண்டு ஹெட்டா வெட்டினாள். இதோ, கூடை நனைந்து கிடக்கிறது.

பொம்மைச் சுருளை விளக்கின் முன் பிடித்தாள். ஒரு கட்டத்தில் பொம்மை குப்புற மிதந்தது. அடுத்த கட்டத்திலும் குப்புற. அதற்கடுத்ததில் தலை கொஞ்சம் திரும்பியிருந்தது.

வைக்கோல் திரும்பாது.

முதலாளியைக் கூப்பிட்டாள். பொறி பட்டாலே சுருள் பற்றிக்கொள்ளும் என்று நெருப்பே ஆகாத அந்த அறைக்குள் அவர் ஒருவர்தான் சிவப்புக்கல் மோதிர விரலிடுக்கில் சுருட்டோடு வருவார்.

"யாரு செஞ்ச தந்திரம்? பிரமாதம்" என்றார், அவள் காட்டிய திரும்பிய தலையைப் பார்த்து.

"தந்திரம் இல்லீங்க. அவ கல்யாணத்தைத் திருப்பிக் கேக்கறா. ஒட்டிக் குடுத்துடறேன்."

"சாவுதான் விலை போகுது. கல்யாணத்தை வச்சு நாக்கு வழிக்கவா?"

ஹெட்டாவுக்குக் கத்தரியை அவர் தொந்தியில் செருகலாம் போல வந்தது. சுருளைப் பிடுங்கி அவரே இழுத்துப் பார்த்தார்.

கன்னம். கண். லீஸ்பெத்.

அவள் கை எதையோ பற்றியிருந்தது. ஒரு தடித்த கை. சிவப்புக்கல் மோதிரம்.

சுருட்டு 'உஸ்' என்று அணைந்தது.

சுருளை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த ஹெட்டா அவர் பக்கம் திரும்பினாள். முதலாளி நின்றபடியே இருந்தார். திறந்த வாயிலிருந்து பாசித் தண்ணீர் கொட்டியது. மோதிரக்கை விளக்கை நோக்கி நீண்டிருந்தது. மணிக்கட்டில் ஐந்து விரல்களின் ஈரத் தடம்.

அது இறுகிக்கொண்டிருந்தது.