துடைச்சாச்சு

அந்த ஆஸ்பத்திரியின் கீழ்த்தளத்துக்குப் போகாமல் இருக்க எட்டு மாதமாக சூப்பர்வைசரிடம் சாக்கு சொல்லிக்கொண்டிருந்தேன். முதுகு வலி, பல் வலி, பக்கத்து வீட்டில் சாவு என்று கைவசம் இருந்த பொய்யெல்லாம் தீர்ந்துபோயின. அன்று காலை பதினோரு மணிக்கு அவரே போன் செய்தார்.

"ஸ்கேன் படம் ஒண்ணும் மாடிக்குப் போகலையாம். டாக்டருங்க கத்துறாங்க. உனக்கு உடம்புல வலிக்காத இடம் ஏதாவது மிச்சம் இருந்தா, அதை எடுத்துக்கிட்டுப் போய்ச் சேரு."

போனேன்.

காவலாளி சாவியைக் கொடுத்தபோது அலுத்துக்கொண்டார். "போகும்போது லைட்டை அணைச்சிடுங்க. முன்னாடி வந்தவங்க அணைக்காமப் போயிட்டாங்க. கதவிடுக்குல சிவப்பாத் தெரியுது."

"எப்ப வந்தாங்க?"

"அதான் தெரியலை. சாவி என்கிட்டதான் இருந்துச்சு."

இருவரும் சிரித்தோம். நான் சாவியை வாங்கிக்கொண்டு கீழே இறங்கினேன்.

அறைக்கு ஜன்னல் கிடையாது. வெளியே வெயில் கொளுத்தினாலும் உள்ளே எப்போதும் ஒரே இருட்டு, ஒரே குளிர், மருந்து நெடியோடு கலந்த ஈரச் சுவர் வாடை. ஸ்விட்சைப் போட்டேன். சிவப்பு ஒன்றும் இல்லை, சாதாரணக் குழல் விளக்குதான். கோளாறும் சாதாரணம். கேபிள்கள் வந்து சேரும் இரும்பு ரேக்கின் கதவில் ஒரு பிக்டெயில் சிக்கி நசுங்கியிருந்தது.

பிக்டெயில் என்பது ஒன்றரை மீட்டர் நீளக் கண்ணாடி இழை. ஒரு முனையில் குத்துவதற்குக் கனெக்டர் இருக்கும், மறுமுனை மொட்டை. அந்த மொட்டையைத் தெருவிலிருந்து வரும் கேபிளோடு உருக்கி ஒட்டுவதுதான் என் பிழைப்பு. நசுங்கியதை வெட்டி, புதிதாக ஒன்றை ஒட்டி, முனையைத் துடைத்துக் குத்தினேன். மேலே படம் போய்விட்டது என்று போன் வந்தது. பையை மூடிவிட்டுக் கிளம்பியிருக்க வேண்டும்.

கிளம்பவில்லை. கண் ரேக்கின் அடியில் இருந்த பழைய இழைத் தட்டுக்குப் போனது.

அதில் உள்ள பன்னிரண்டு பிக்டெயிலும் என் கையால் ஒட்டியவை. மறுமுனையில், தெருவுக்கு அடியில், ஆயிரத்து எண்ணூற்று நாற்பது மீட்டர் தள்ளி ஒரு மேன்ஹோலில் இருந்தது என் தங்கை புருஷன். பதினாலு வருஷம் ஜோடியாக வேலை பார்த்தோம். கனெக்டரின் முனையைத் துடைக்காமல் குத்தக் கூடாது. ஒரு விரல் அழுக்கு போதும், வெளிச்சம் செத்துவிடும். அதனால் ஒவ்வொரு இழைக்கும் அவர் போனில் கேட்பார்: "துடைச்சியா மச்சான்?" நான் சொல்வேன்: "துடைச்சாச்சு மாப்பிள்ளை." சாமி கும்பிடுவது போல, விட்டதே இல்லை.

எட்டு மாதத்துக்கு முன் இந்தத் தட்டில் பதினொன்றைத் துடைத்தேன். பன்னிரண்டாவது கையிலிருந்து நழுவியது, கட்டைவிரலால் முனையைப் பிடித்தேன். துடைக்கும் தாள் பைக்கு அடியில் எங்கோ கிடந்தது. எனக்குப் பசி.

"துடைச்சியா மச்சான்?"

"துடைச்சாச்சு."

அளவு மோசமாக வந்தது. எங்கள் கருவி இழைக்குள் வெளிச்சத்தை அனுப்பி, அது எங்கே முட்டித் திரும்புகிறது என்று மீட்டரில் காட்டும். ஆனால் முதல் பத்து மீட்டருக்குள் இருப்பது அதற்குத் தெரியாது. குருட்டுத் தூரம் என்போம். என் மூக்குக்குக் கீழே இருந்த அழுக்கு அதில் தெரிய வழியே இல்லை.

"என் பக்கம் சுத்தம். உங்க ஒட்டுதான், பாருங்க," என்றேன்.

மேன்ஹோலுக்குள் நல்ல காற்றடிக்கும் மெஷினை அவர் அதற்குள் வண்டியில் ஏற்றிவிட்டார். மூடியையும் போட்டுவிட்டார். "ரெண்டு நிமிஷ வேலை, இறங்கிப் பார்த்துடறேன்," என்று மூடியைத் தூக்கி மறுபடி இறங்கினார். உள்ளே காற்று கெட்டுப்போயிருந்தது.

சாவுச் சேதி வந்த பிறகு பன்னிரண்டாவது முனையைத் துடைத்தேன். அளவு கச்சிதமாக வந்தது.

இதை யாரிடமும் சொல்லவில்லை. முழுப் பூசணிக்காயைச் சோற்றில் மறைத்துவிட்டு எட்டு மாதமாக அதே சோற்றைத் தின்கிறேன். தங்கை இப்போது என் வீட்டில்தான் இருக்கிறாள். வாரம் தவறாமல் கேட்பாள்: "வேலை முடிஞ்சுதுன்னு சொன்னாரேண்ணா. ஏன் மறுபடி இறங்கினார்?" எனக்குத் தெரியாதும்மா என்பேன். அவளிடம் உண்மையைச் சொல்ல வேண்டும் என்று தினமும் காலையில் முடிவு செய்வேன், தினமும் மாலையில் பேடியாவேன்.

அந்த மேன்ஹோலை கான்கிரீட் போட்டு மூடிவிட்டார்கள். கேபிளையும் அங்கேயே வெட்டி விட்டாயிற்று. இந்தத் தட்டு செத்த தட்டு.

தட்டின் மூடியைத் திறந்தேன்.

பன்னிரண்டாவது முனை சிவப்பாக எரிந்துகொண்டிருந்தது.

இழையைச் சோதிக்கும் சிவப்பு லைட் பேனாவை மறுமுனையில் ஓர் ஆள் பிடித்தால்தான் இப்படி எரியும். மாப்பிள்ளையின் பேனா கடைசிவரை கிடைக்கவே இல்லை. நான் பார்க்கப் பார்க்க அந்த வெளிச்சம் இரண்டு தடவை அணைந்து எரிந்தது. எங்களுக்குள் அதற்கு, 'தெரியுதா மச்சான்?' என்று அர்த்தம்.

கருவியை மாட்டினேன். எலியோ ஈரமோ என்று நானே எனக்குச் சமாதானம் சொல்லிக்கொண்டேன்.

1,840 மீட்டர். சரிதான்.

மறுபடி அழுத்தினேன். 1,310.

கண்ணாடி இழை தானாகக் குட்டையாகாது. எவனாவது வெட்டிக்கொண்டே நடந்து வந்தால்தான் உண்டு.

640.

210. அது ஆஸ்பத்திரி வாசல். காவலாளி உட்கார்ந்திருக்கும் இடம்.

38. கீழ்த்தளத்துக்கு இறங்கும் படி.

ஈர மண்ணும் சாக்கடையும் கலந்த நாற்றம் அறைக்குள் வந்தது. படியில் ரப்பர் பூட்ஸ் சத்தம், தண்ணீர் நிறைந்த பூட்ஸ். எட்டாவது படியில் சற்று நின்றது. அவருக்கு முட்டி வலி, எப்போதும் பாதியில் நின்று மூச்சு வாங்குவார்.

11.

அதற்குப் பிறகு கருவி எதையும் காட்டவில்லை. பத்து மீட்டருக்குள் வந்துவிட்டால் அதற்குத் தெரியாது.

திரும்பிப் பார்க்க எனக்குத் தைரியம் இல்லை.

பின்கழுத்தில் குளிர்ந்த மூச்சு பட்டது. கோபமே இல்லாத குரல். வேலையில் கேட்கிற அதே குரல்.

"துடைச்சியா மச்சான்?"

ஐயோ, கடவுள் கொடுத்த வாய்ப்பு அது! இல்லை மாப்பிள்ளை, தப்பு என்னுடையது, நீங்கள் இறங்க வேண்டாம் என்று சொல்லியிருக்கலாம். நாக்கு வரை வந்தது. ஆனால் பதினாலு வருஷம் பழகிய வாய், பயத்தில் தன் வேலையைத் தானே பார்த்துக்கொண்டது.

"துடைச்சாச்சு மாப்பிள்ளை."

"அப்ப என் பக்கம்தான் போல," என்று முனகினார். "இறங்கிப் பார்த்துடறேன்."

பூட்ஸ் சத்தம் படியேறிப் போனது.

38. 640. 1,310. பிறகு 1,840, அங்கேயே நின்றது.

"மாப்பிள்ளை! இறங்காதீங்க! நான் துடைக்கலை!" என்று அந்த முனையில் வாயை வைத்துக் கத்தினேன். கண்ணாடியில் வெளிச்சம்தான் போகும். குரல் போகாது. என் பேனாவை எடுத்து இரண்டு தடவை அடித்துக் காட்டினேன். பதில் வரவில்லை. ஒரு மணி நேரம் அடித்தேன்.

வண்டியை எப்படி ஓட்டினேனோ தெரியாது. இன்றைக்கே தங்கையிடம் சொல்லிவிடுவது என்று வழியெல்லாம் வாய்விட்டுச் சொல்லிப் பார்த்துக்கொண்டே போனேன். நான் துடைக்கலைம்மா. நான் துடைக்கலைம்மா.

கதவைத் திறந்தவள் முகத்தில் எட்டு மாதமாகக் காணாத வெளிச்சம் இருந்தது.

"அண்ணா, அவர் போன் பண்ணினார்."

"யாரு?"

"அவர்தான். அலமாரியில வெச்சிருந்த அவரோட பழைய போன் அடிச்சுது. பேட்டரியை எப்பவோ கழட்டிட்டேன், அப்படியும் அடிச்சுது." என் கையைப் பிடித்துக்கொண்டாள், அவள் கை சுட்டது. "நீ துடைச்சிட்டியாம், அவர் பக்கம்தான் கோளாறாம், மறுபடி இறங்கறாராம். எனக்குப் பயமா இருக்கு. நீயே சொல்லுண்ணா. நிஜமாவே துடைச்சியா?"

அவளுக்குப் பின்னால், சுவரில் மாட்டியிருந்த இணையப் பெட்டியில் சிவப்பு விளக்கு எரிந்தது. இரண்டு தடவை அணைந்து எரிந்தது. அவரும் கேட்டுக்கொண்டிருந்தார்.

'துடைக்கலை' என்று ஒரே ஒரு வார்த்தை சொன்னால் போதும். அந்த மனுஷன் மேலே ஏறி வந்துவிடுவார். ஆனால் என் தங்கை என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள், அவளுக்கு இந்த உலகத்தில் மிச்சம் நான் ஒருவன்தான்.

"துடைச்சேன்மா," என்றேன்.

விளக்கு அணைந்தது.

"அப்பாடா," என்றாள் தங்கை. "அப்ப பார்த்துட்டு வந்துடுவார்." சமையலறைக்குப் போய் மூன்று தட்டு எடுத்து வந்து வைத்தாள். நான் உட்கார்ந்தேன்.

அலமாரிக்குள் போன் இரண்டு முறை அடித்து நின்றது.